இரண்டாவது சாட்சி

அன்புள்ள மகன் தம்பிக்கு,

உன் கடிதம் செவ்வாய்க்கிழமை வந்தது. தொலைபேசியிலேயே பதில் சொல்லியிருக்கலாம். ஆனால் நம் வீட்டுத் தொலைபேசி குசினிக் கதவுக்கு நேர் எதிரே இருக்கிறது. அதில் பேசப்படும் எதுவும் இரகசியமாக இருந்ததில்லை. தவிரவும், முக்கியமான ஒன்றை வாயால் சொல்லிவிட்டுப் பிறகு அதை இப்படிச் சொன்னேனா, அப்படிச் சொன்னேனா என்று யோசித்துக்கொண்டிருப்பது என் இயல்புக்கு ஒத்துவராது. நீ கேட்டது ஒன்று: அடுத்த மாதம் கார்ல்டனில் உன் வாடகை வீட்டுப் பின்வளவில், எலுமிச்சை மரத்தடியில், நீயும் ஜூடித்தும் மணம் செய்துகொள்ளும்போது சாட்சிகள் இருவரில் ஒருவனாக நான் கையெழுத்திட வேண்டும் என்பது. நீ கேட்காமல் விட்டது இன்னொன்று: உன் அம்மா வருவாரா என்பது. இரண்டுக்கும் இக்கடிதத்தில் பதில் உண்டு. ஆனால் தீர்ப்பை முதலில் சொல்லிவிட்டுக் காரணங்களைப் பின்னால் தேடும் நீதிபதிகளை எனக்கு ஒருபோதும் பிடித்ததில்லை. ஆகவே அவசரப்படாமல் வாசி. ஜூடித்துக்கும் மொழிபெயர்த்துச் சொல். அந்தப் பிள்ளையைப் பற்றியும் இதில் நிறைய இருக்கிறது.

நீங்கள் இருவரும் நோபல் பார்க்கில் நம் வீட்டுக்குச் சாப்பிட வந்த அந்த ஞாயிற்றுக்கிழமையிலிருந்து தொடங்குகிறேன். வெயில் கொளுத்திய நாள். உன் அம்மா டண்டினோங் சந்தையில் தேடிப் பிடித்த நண்டைக் குழம்பு வைத்திருந்தார். ஜூடித் கையால் சாப்பிட்டாள்; நண்டின் காலை உடைக்கத் தெரியாமல் திண்டாடியபோது அம்மா வாங்கி உடைத்துக் கொடுத்தார். அந்த நேரம் பார்த்து நீ சொன்னாய், மார்ச்சில் கலியாணம், வீட்டிலேயே, செலிபிரன்ட் ஒருத்தர் வந்து செய்துவைப்பார் என்று. "ஆர், ஐயரோ?" என்று அம்மா கேட்டார். "ஐயர் இல்லை அம்மா. கவர்ண்மென்டிலை பதிஞ்ச ஒரு மனுசி. முந்தி டீச்சராய் இருந்தவ." "தாலி?" நீ ஜூடித்தைப் பார்த்தாய். ஒரு சொல்லும் விளங்காவிட்டாலும் எதைப் பற்றிய பேச்சு என்று அவளுக்கு விளங்கியிருந்தது. "இல்லை அம்மா. மோதிரமும் இல்லை, தாலியும் இல்லை. ரெண்டு பேரும் கதைச்சு முடிவெடுத்தனாங்கள்." உன் அம்மா குழம்புக் கரண்டியை எடுத்தார். பிறகு, "அப்ப நானும் முடிவெடுத்திட்டன். தாலி இல்லாத கலியாணத்துக்கு நான் வரமாட்டன்" என்றார். சொல்லிக்கொண்டே ஜூடித்தின் தட்டில் இன்னொரு நண்டுத் துண்டை வைத்தார். அந்தத் துண்டை நீ கவனித்தாயோ தெரியாது. நான் கவனித்தேன். எதிர்த்தரப்பு சமாதானத்துக்கு முற்றாகக் கதவடைக்கவில்லை என்பதற்கு அதைவிடச் சிறிய தடயங்களை வைத்துக்கொண்டு நான் வழக்கு நடத்தியிருக்கிறேன்.

அன்று போகும்போது உன் ஆய்வின் மூன்று அத்தியாயங்களை என்னிடம் தந்தாய். "அப்பா, லீகல் பகுதியை மட்டும் ஒருக்கா செக் பண்ணுங்கோ" என்றாய். நீ சட்டம் படிக்கவில்லை என்பதில் எனக்கு இருந்த மனக்குறையை நான் மறைத்ததில்லை. யாழ்ப்பாணத்திலிருந்து இத்தனை கடல் தாண்டி வந்தது, ஐந்நூறு அறுநூறு ஆண்டுகளுக்கு முன் இங்கிலாந்துக்காரர் எப்படிக் கலியாணம் கட்டினார்கள் என்று பார்க்கவா என்று உன் முன்னிலையிலேயே கேட்டிருக்கிறேன். அந்த அத்தியாயங்களை வாசித்த பிறகு அப்படிக் கேட்கமாட்டேன். நீ படித்திருப்பது சட்டம்தான். நான் படித்ததைவிடப் பழைய சட்டம்.

உன் பக்கங்களை ஞாயிற்றுக்கிழமைப் பிற்பகல்களில் குசினி மேசையில் வைத்து வாசிக்கத் தொடங்கினேன். உன் அம்மா அடுத்த வாரத்துக்கான காய்கறியை அரிந்துகொண்டிருப்பார். முதலாம் ஞாயிறு அவர் கேட்கவில்லை. இரண்டாம் ஞாயிறு, "தனக்குள்ளை சிரிக்கிற மனிசனோடை ஒரு அறையிலை இருக்கேலாது. என்னெண்டு சத்தமாய்ச் சொல்லுங்கோ" என்றார். அப்படித்தான் நான் வாய்விட்டுத் தமிழில் சொல்லத் தொடங்கினேன். ஐரோப்பாவின் அந்த வடமேற்கு மூலையில் ஏழைக் குடியானவரும் கைவினைஞரும் தங்கள் பிள்ளைகளைப் பன்னிரண்டு பதின்மூன்று வயதிலேயே அயல் வீடுகளுக்கு வேலைக்கு அனுப்பிவிடுவார்கள் என்று நீ எழுதியிருந்தாய். ஆணும் பெண்ணும் பத்துப் பன்னிரண்டு ஆண்டுகள் அப்படி உழைத்து, தனிக்குடித்தனம் வைக்க வசதி வந்த பிறகே மணம் செய்வார்கள். அதற்குள் இருபத்தைந்து வயது கடந்துவிடும். கத்தி நின்றுவிட்டது. "குமர்ப்பிள்ளையையும் வேறை வீட்டுக்கு வேலைக்கு அனுப்பினவையோ? தாய் தேப்பன் ஓம்பட்டவையோ?" ஓம் என்றேன். அவர் லீக்ஸ் தண்டுகளை அரிவதை விட்டுவிட்டு யன்னலைப் பார்த்தார். "நானும் இப்ப வேலைக்காரிதானே" என்றார். மனக்கசப்பாகச் சொல்லவில்லை. டண்டினோங் தையல் தொழிற்சாலையில் சட்டைக் கழுத்துகளைத் தைப்பவர் ஒரு பழைய செய்தியைத் தன் கையால் அளந்து பார்த்த மாதிரி இருந்தது.

மணமான பெண்ணின் உடைமை கணவன் கைக்குப் போய்விடும் என்ற பகுதியையும், விதவையானால் மட்டும் அவள் தன் பெயரில் தொழில் நடத்தலாம், வழக்குத் தொடுக்கலாம், கணவனின் நிலத்தில் மூன்றில் ஒரு பங்கில் வாழ்நாள் முழுதும் இருக்கலாம் என்ற பகுதியையும் வாசித்தபோது, "அப்ப புருசன் செத்தாத்தான் பெண்டுகளுக்குச் சுகம்" என்றார். நான் கண்ணாடியைக் கழற்றிவிட்டுப் பார்த்தேன். "பயப்படாதேங்கோ. இந்த நாட்டிலை அப்பிடி ஒண்டும் தேவையில்லை எண்டு நீங்கள்தானே சொன்னனீங்கள்."

அவர் எதைச் சொன்னார் என்பது உனக்குத் தெரியாது. இதுவரை உன்னிடம் இருவரும் சொன்னதில்லை. ஊரில் நாம் வாழ்ந்த வீடு உன் அம்மாவின் சீதன வீடு. நான் அங்கே வந்து குடியேறியவன். ஆனாலும் நம் ஊர்ச் சட்டப்படி, தன் வீட்டைத் தானே விற்க அவருக்கு என் எழுத்துமூலச் சம்மதம் வேண்டும். புறப்படுவதற்கு முன் அதை விற்றபோது, பத்திரம் எழுதும் நொத்தாரிசு உறுதியை வாசித்து முடித்ததும் அவர் கையெழுத்திட்டார்; அதற்குக் கீழே, கணவன் என்ற முறையில் சம்மதிக்கிறேன் என்று நான் கையெழுத்திட்டேன். அந்த விதியில் எவ்வளவு நம்முடைய பழைய வழக்கம், எவ்வளவு ஒல்லாந்தர் நம் வழக்கங்களை எழுதிவைத்த காலத்தில் அவர்களுடைய நாட்டிலிருந்து கூடவந்தது என்று அறுதியிட்டுச் சொல்ல நான் துணியமாட்டேன். அதைப் பற்றி அறிந்தவர்களே ஒத்துப்போவதில்லை. ஆனால் உன் அத்தியாயத்தில் கணவனின் அதிகாரம் என்ற பகுதியை வாசித்தபோது, நெடுநாள் பழகிய ஒருவரைத் தூர நாட்டில் தெருவில் கண்ட மாதிரி இருந்தது.

நோபல் பார்க் வீட்டை இருவர் பெயரிலும் வாங்கிய நாளில், நகரத்துச் சட்ட அலுவலகத்தில் உன் அம்மா தன் வரியில் கையெழுத்திட்டார். நான் என் வரியில் கையெழுத்திட்டேன். அத்தோடு நிறுத்தியிருக்கலாம். நான் பேனையை எடுத்து, அவருடைய கையெழுத்துக்குக் கீழே, "என் சம்மதத்துடன்" என்று எழுதப்போனேன். இருபது வயதைச் சற்றே கடந்த அந்த அலுவலகப் பெண் தாளைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள். என்ன செய்கிறீர்கள் என்று கேட்டாள். விளக்கினேன். அவள் நம்பவில்லை. இதைச் செய்தவன் இருபத்திரண்டு ஆண்டு சட்டத்தொழில் செய்தவன். உன் அம்மா அந்த அலுவலகத்தில் சிரிக்கவில்லை. ரயிலில் ஏறி இருக்கையில் அமர்ந்த பிறகு தொடங்கி, நோபல் பார்க் நிலையம் வரை சிரித்தார். எதிரே இருந்தவர்கள் இறங்கும்போது நமக்கு வணக்கம் சொல்லிவிட்டுப் போனார்கள்.

இப்போது ஆலிஸுக்கு வருகிறேன். உன் மூன்றாம் அத்தியாயத்தில் நீ பத்துப் பன்னிரண்டு வழக்குகளைத் தந்திருக்கிறாய். அவற்றில் ஒன்றுதான் எங்கள் வீட்டைப் பிடித்துக்கொண்டது. வட இங்கிலாந்து நகரம் ஒன்றில் மதுக்கடைக்காரி ஒருத்தியின் வீட்டில் வேலை செய்தவள் ஆலிஸ். தோல் பதனிடுபவர் ஒருவரின் மகன் வில்லியம். பியர் வடிக்கும் கொட்டிலில் வைத்து அவன் இவள் கையைப் பிடித்து, உன்னை என் மனைவியாக ஏற்கிறேன் என்றான். இவளும் அவனைக் கணவனாக ஏற்பதாகச் சொன்னாள். அவ்வளவுதான் அன்றைய திருச்சபைச் சட்டத்துக்கு வேண்டியது. குருவானவர் வேண்டாம், கோயில் வேண்டாம், தாய் தகப்பன் வேண்டாம். ஊரறிய முன்கூட்டியே அறிவிக்காமல் செய்தால் தண்டனை உண்டு. ஆனால் தண்டனை கட்டிய பிறகும் அது மணம்தான். இருவருடைய மனமொப்பிய சொல் ஒன்றே மணத்தை உண்டாக்கும் என்று நூற்றாண்டுகளாக அந்தச் சபையே தீர்ப்புச் சொல்லியிருக்கிறது. கத்தோலிக்க நாடுகளில் குருவும் சாட்சிகளும் கட்டாயமானது பதினாறாம் நூற்றாண்டின் நடுவில். இங்கிலாந்தில் அதற்கும் இருநூறு ஆண்டு கழித்து. தேவாலயம் இல்லாத கலியாணத்துக்கு வரமாட்டேன் என்று பெண்டிகோவிலிருந்து சொல்லியனுப்பியிருக்கும் ஜூடித்தின் தந்தையிடம் இந்த வாதத்தை நீ வைக்க நினைத்திருப்பாய். வைக்காதே. வாதம் சரியானது. அவர் வழக்காட வரவில்லை. அவருக்கு மனம் நொந்திருக்கிறது.

வில்லியத்துக்கு அவனுடைய வீட்டார் நிலபுலத்தோடு வேறொரு பெண்ணைப் பார்த்தார்கள். அவன் ஆலிஸைத் தெரியும், ஆனால் அப்படி ஒரு சொல்லும் சொல்லவில்லை என்றான். வேலைக்காரி ஆலிஸ் மேற்றிராணியாரின், அதாவது பிஷப்பின், நீதிமன்றத்துக்குப் போனாள். கூட வேலை செய்த ஒருத்தி தண்ணீர் வாளியோடு கதவடியில் நின்று எல்லாவற்றையும் கேட்டிருந்தாள். அவளைக் கூப்பிட்டு விசாரித்த கேள்விகளை நீ அப்படியே தந்திருக்கிறாய்: அன்று மழையா வெயிலா, அவன் என்ன நிறச் சட்டை போட்டிருந்தான், எந்தக் கையைப் பிடித்தான், அவள் நின்றாளா இருந்தாளா, வாளி நிறைந்திருந்ததா. தம்பி, அந்தக் கேள்விகளை நான் இரண்டு தரம் வாசித்தேன். மல்லாகம் நீதிமன்றத்தில் நானே கேட்டிருக்கக்கூடிய கேள்விகள். உன் அம்மா கரண்டியோடு வந்து என் கதிரைக்குப் பின்னால் நின்றுகொண்டார். "வாளி நிறைஞ்சு இருந்ததெண்டால் அவள் கனநேரம் நிண்டிருக்கேலாது. அதுக்குத்தான் கேக்கினம். அவளை மடக்கப் பாக்கினம்." அந்தக் கேள்வி எதற்காகக் கேட்கப்பட்டது என்பது எனக்கு அவர் சொன்ன பிறகே விளங்கியது.

திங்கட்கிழமை தொழிற்சாலைத் தேநீர் இடைவேளையில் தன் ஆங்கிலத்தில் முழு வழக்கையும் சொல்லியிருக்கிறார். பக்கத்து மெஷின் யூகோஸ்லாவியாக்காரி வில்லியத்தின் பெயரைக் கேட்டதும் நிலத்தில் துப்பினாளாம். துருக்கிக்காரப் பெண்கள் இருவர், பெண்ணும் தனியே கொட்டிலில் நின்றிருக்கக்கூடாது என்று அவன் பக்கம் பேசினார்களாம். வாரக் கடைசியில் மேற்பார்வையாளர் வந்து, எல்லோரும் பேசிக்கொள்ளும் இந்த ஆலிஸ் எந்தப் பகுதியில் வேலை செய்கிறாள் என்று கேட்டாராம். இதை எனக்குச் சொல்லிவிட்டு, "கெதியிலை முடிவைச் சொல்லுங்கோ, எனக்கு அங்கை முகம் காட்டேலாமல் கிடக்கு" என்றார். முடிவு உன் அத்தியாயத்தில் இல்லை. உனக்கு அவர் தொலைபேசி எடுத்தது அப்போதுதான். கலியாணப் பேச்சுக்குப் பிறகு அவர் உன்னோடு பேசிய முதல் பேச்சு அது. நான் நடைவழியில் நின்று கேட்டேன்.

"தம்பி, தீர்ப்பு என்ன?"

நீ எந்தத் தீர்ப்பு என்று கேட்டிருக்கவேண்டும்.

"ஆலிஸின்ரை. வேறை எந்தத் தீர்ப்பு?"

பிறகு நீ ஏதோ நீளமாகச் சொன்னாய். "தெரியாதெண்டால்? அந்தப் பக்கம் இல்லையோ? ... ஆர் கிழிச்சது? ... அப்ப நீ என்னத்தைப் படிக்கிறாய்?" என்று கேட்டுவிட்டு, சாப்பிட்டாயா என்றும் கேட்காமல் தொலைபேசியை வைத்துவிட்டார். அன்று முழுதும் எரிச்சலாக இருந்தார். ஒரு சாட்சி மட்டும் போதாது, இருவர் வேண்டும் என்பதுதான் அந்த நீதிமன்றத்தின் விதி, ஆகவே ஆலிஸ் பெரும்பாலும் தோற்றிருப்பாள் என்று நான் விளக்கினேன். அதுவும் அந்த ஒரே சாட்சி ஏழை, பெண், வேலைக்காரி. இன்னொருத்தர் பார்த்திருந்தால் என்று கேட்டார். நிலைமை வேறாக இருந்திருக்கலாம் என்றேன். "இன்னொருத்தர்" என்று தனக்குள்ளே சொல்லிக்கொண்டு போனார்.

அடுத்த ஞாயிறு நான் வாசிக்கவில்லை. வாசிக்க ஒன்றும் மீதமிருக்கவில்லை. அவர் சட்டைகளுக்கு ஸ்திரிக்கை போட்டுக்கொண்டிருந்தார். நான் பத்திரிகையில், போன வருடம் நடைமுறைக்கு வந்த குடும்பச் சட்டத்தைப் பற்றி யாரோ எழுதியிருந்ததை வாசித்துக்கொண்டிருந்தேன். திடீரென்று, "அந்தக் காலத்து ஆலிஸையாவது ஒருத்தன் கேட்டிருக்கிறான். என்னை ஒருத்தரும் கேக்கேல்லை" என்றார். நான் நிமிர்ந்தேன். நம் கலியாணப் பதிவு எழுத்தைச் சொல்கிறார் என்று உடனே விளங்கவில்லை. "உமக்குச் சம்மதமோ எண்டு றெஜிஸ்ட்ரார் கேட்டவர். பின்னாலை நிண்ட மாமா ஓம் எண்டவர். அவர் எழுதினவர். இதிலை கையெழுத்து வையும் எண்டு விரலாலை காட்டினவை, நான் வைச்சன்." நானும் அங்கேதான் இருந்தேன், இரண்டு அடி தூரத்தில், புதிதாகச் சத்தியப்பிரமாணம் எடுத்த சட்டத்தரணி. மணமகள் வாய் திறக்கவில்லை என்பதை நான் கவனிக்கவில்லை. பதிவுகாரர் என் பெயரின் முதலெழுத்துக்களில் ஒன்றை விட்டுவிட்டார் என்பதைத்தான் கவனித்துத் திருத்தச் சொன்னேன்.

"கேட்டிருந்தால் என்ன சொல்லியிருப்பீர்?" என்று கேட்டேன். கேட்ட பிறகு பயமாகவும் இருந்தது. உன் அம்மா ஸ்திரிக்கைப் பெட்டியைத் தூக்கி நிமிர்த்தி வைத்தார். "ஓம் எண்டுதான் சொல்லியிருப்பன். உங்களை முந்தியே எங்கடை வீட்டு வாசல் படலையடியிலை கண்டனான். பிடிச்சிருந்தது." பிறகு சட்டையை மறுபக்கம் திருப்பிப் போட்டார். "ஆனால் நான் சொல்லியிருப்பன்." நான், இப்போது கேட்கட்டுமா என்றேன். "சோறு வடிச்ச பிறகு உலை வைக்கட்டோ எண்டு கேக்கிறார்" என்று சட்டையிடம் சொன்னார். ஆனால் அன்று தேநீரை எனக்கு முதலில் ஊற்றித் தந்தார்; அதில் வழக்கத்தைவிட ஒரு கரண்டி சீனி கூட இருந்தது.

இந்த இடத்தில் உனக்கு ஒன்று சொல்ல விரும்புகிறேன். இந்தக் கடிதத்தில் அறிவுரை என்று இருப்பது இது ஒன்றுதான். நீ பெண்களின் வரலாற்றைப் படித்தவன். ஜூடித் என்ன நினைப்பாள் என்பது உனக்கு முன்கூட்டியே தெரிந்திருக்கும். பெரும்பாலும் சரியாகவும் இருக்கும். அந்தச் சரிதான் ஆபத்து. உன் அம்மாவின் மாமாவும் சரியாகவே சொன்னார். அவர் கொடியவர் அல்ல. மருமகளை நன்றாக அறிந்தவர், அவள் ஓம் என்பாள் என்று தெரிந்து ஓம் என்றார். எந்தக் கட்டில், எந்த வீடு, எந்த ஊர், பிள்ளை எப்போது என்று எதிலும், உனக்குப் பதில் தெரிந்திருந்தாலும் கேள். கேட்டுவிட்டு அவள் சொல்லும்வரை பொறு. நான் இதை ஐம்பத்துநான்கு வயதில் கற்றேன், உன்னுடைய அத்தியாயத்திலிருந்து. ஆகவே இதற்குரிய புகழ் எனக்கல்ல.

செவ்வாய்க்கிழமை உன் கடிதத்தை அவருக்கு முழுவதும் வாசித்துக் காட்டினேன். ஜூடித்தின் தந்தை வரமாட்டார் என்பதையும், அவளுடைய அண்ணன்மாரும் தந்தையை மீறி வரத் துணியவில்லை என்பதையும், அவள் பக்கத்தில் அவளுடைய பள்ளிக்கூடச் சிநேகிதி ஒருத்தி மட்டுமே நிற்பாள் என்பதையும் மறைக்கவில்லை. கேட்டு முடிந்ததும் அவர் சாப்பாடு எடுத்து வைத்தார். சாப்பாட்டுக்குப் பிறகு கோப்பைகளைக் கழுவிக்கொண்டு, முதுகைக் காட்டியபடி கேட்டார்.

"இஞ்சாருங்கோ, அந்தப் பிள்ளைக்கு ஆர் சாட்சி?"

"சிநேகிதி ஒருத்தி. மற்றது என்னைக் கேட்டிருக்கிறான்."

"உங்களையோ? நீங்கள் தம்பியின்ரை தேப்பன்."

"சட்டத்திலை அதுக்குத் தடை இல்லை. பதினெட்டு வயசுக்கு மேலை ஆரும் வைக்கலாம்."

"சட்டத்தை விடுங்கோ. நாளைக்கு இவன் மாறினால் நீங்கள் ஆரின்ரை பக்கம் நிப்பியள்?"

நான் யோசித்தேன். இப்படிப்பட்ட கேள்விக்கு யோசிக்காமல் பதில் சொல்வது என் வழக்கமல்ல. நீ மாறமாட்டாய் என்று சொல்ல வாயெடுத்தேன். அது கேட்ட கேள்விக்குப் பதிலல்ல.

"பாத்தியளோ, யோசிக்கிறியள்" என்றார். "ஒரு சாட்சி காணாது. அந்தப் பெட்டைக்கு ஒருத்திதான் இருக்கிறாள். பெற்ற தேப்பனும் வரேல்லை. நாங்கள் ரெண்டு பேரும் மகன்ரை பக்கம் நிண்டால் அவளுக்கு ஆர்?" ஈரக் கையைத் துடைத்தார். "நான் வைக்கிறன் கையெழுத்தை."

அப்படியானால் நீர் வருகிறீரா என்று கேட்டேன். "கலியாணத்துக்கு வரேல்லை" என்றார். "சாட்சிக்கு வாறன்." இந்த வேறுபாட்டை நான் குறுக்கு விசாரணை செய்யவில்லை. நீயும் செய்யாதே. தாலி பற்றிய அவருடைய நிலைப்பாட்டில் மாற்றமில்லை என்பதையும் பதிவு செய்யச் சொன்னார், பதிவு செய்கிறேன். அவர் மனம் அதில் நொந்துதான் இருக்கிறது. அதை நீ ஒரு நாள் அவரிடம் தனியே வந்து கேட்கவேண்டும். சமாதானப்படுத்துவதற்காக அல்ல, கேட்பதற்காக.

ஆகவே உன் கடிதத்துக்கு என் பதில்: சாட்சியாகக் கையெழுத்திட என்னால் இயலாது. அந்த இடம் உன் அம்மாவுக்கு. புதன்கிழமை அவர் இன்னொரு சந்தேகம் கேட்டார்: பதிவுத் தாளில் மிஸிஸ் என்று போட்டு என் பெயரை எழுதவேண்டுமா, தன் பெயரை எழுதலாமா என்று. அலுவலகத்தில் விசாரித்தேன். தன் பெயரைத்தான் எழுதவேண்டும். அன்றிலிருந்து பத்திரிகை ஓரங்களில், ரொட்டிப் பொதி உறையில், கடைப் பட்டியலின் பின்புறத்தில் தன் பெயரை எழுதிப் பார்க்கிறார். உறுதிகளில் வைத்த குறுகிய ஒப்பமாக அல்லாமல், அவருடைய முழுப் பெயரை முப்பது ஆண்டுக்குப் பிறகு அவர் கையெழுத்தில் காண்கிறேன். நல்ல கையெழுத்து. கடைசி எழுத்தின் வாலை அவர் மேலே சுழித்து இழுப்பார் என்பதை மறந்தே போயிருந்தேன்.

சில ஒழுங்குகள் செய்துவைக்கவேண்டும். செலிபிரன்ட் அம்மையாருக்கு முன்கூட்டியே சொல்லிவிடு, சாட்சி ஒருவர் சற்று அருகே நிற்பார் என்று. மரத்தடியில் வேர் பரந்து நிலம் சமமில்லை என்று எழுதியிருந்தாய். ஜூடித்துக்கு வலப்புறத்தில் ஒரு கதிரையைப் போட்டுவை, உன் அம்மாவுக்கு முழங்கால் நோவு இருக்கிறது. ஆனால் அவர் அதில் இருக்கமாட்டார். சாட்சி சொல்லக் கூப்பிட்டால் என்ன கண்டாய், என்ன கேட்டாய் என்று விசாரிப்பார்கள், இருந்துகொண்டு ஒழுங்காகக் கேட்க முடியாது என்பது அவருடைய வாதம். அன்று மழையா வெயிலா, நீ என்ன நிறச் சட்டை போட்டிருந்தாய், எந்தக் கையைப் பிடித்தாய் என்பதையெல்லாம் அவர் பார்த்து வைத்திருப்பார் என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. தொழிற்சாலையிலும் திங்கட்கிழமை சாட்சியம் சொல்லவேண்டியிருக்கிறது.

நான் பின்னால் நிற்பேன். உன் அம்மா கையெழுத்திட்டு முடித்ததும் என் கை தானாகச் சட்டைப் பையில் பேனையைத் தேடும், பழக்கம். அந்தத் தாளில் எனக்கு இடம் எதுவும் இல்லை என்பதை நான் அறிவேன். அதை நினைக்க மனத்துக்கு இதமாக இருக்கிறது.

அவர் உனக்கும் ஜூடித்துக்கும் ஒரு நிபந்தனையும் அனுப்பியிருக்கிறார். அவருடைய சொற்களிலேயே தருகிறேன்: "ரெண்டு பேரும் வாய்விட்டுச் சொல்லோணும். வாய்க்குள்ளை முணுமுணுத்தால் நான் கையெழுத்து வைக்கமாட்டன் எண்டு எழுதுங்கோ. முதல் அவள் சொல்லட்டும்."

அன்புடன்,
அப்பா